மூன்றாம் தடவை

"நாளாந்தம் செய்வதைச் செய்யுங்கள்" என்றார் பெல்லாமி துரை.
அதைத் தமிழில் சொல்லத்தான்
கச்சேரி என்னை ஏழு நாளைக்கு
இரவல் கொடுத்திருந்தது,
குடையோடும் கறுத்தக் கோட்டோடும்.

சொன்னேன்.
புளியந்தீவுத் துறையில் அத்தனை பேரும்
செய்துகொண்டிருந்ததை விட்டுவிட்டுக்
கிறுகிப் பார்த்தார்கள்.

முக்காலியில் ஒரு பெட்டி, பெட்டிக்கு ஒற்றைக் கண்.
கைபிடியைச் சுழற்றினால்
கோப்பிக்கொட்டை அரைக்கிற சத்தம்.

வாவியில் மீன் பாடும் என்று
யாரோ துரைக்குச் சொல்லியிருந்தார்கள்.
முதல் இரவே தோணியில் போய்
துடுப்புக் காம்பைக் காதில் வைத்து
அரைமணி நேரம் அசையாமல் இருந்தார்.
பிறகு பெட்டியைத் தட்டிச் சிரித்தார்:
"பாவம், இவனுக்குக் காதில்லை."
அந்த ஒரு வசனத்தை நான்
யாருக்கும் மொழிபெயர்க்கவில்லை.
எனக்கென்று வைத்துக்கொண்டேன்.

மாரிப்பிள்ளை படுவான்கரையிலிருந்து
முதல் தோணிக்கு வருகிறவள்.
கடகத்தில் செல்வனும் மணலையும், மேலே ஈரச்சாக்கு.
இறங்கினாள், நடந்தாள், கொட்டினாள்.
மேகம் மறைத்துவிட்டது என்றார் துரை.

"ஏன்கா, நான் இறங்கினது பிழையா?"
இறங்கினது சரி, வெயில்தான் பிழை.
மீனை அள்ளிப்போட்டுக்கொண்டு
திரும்ப ஏறினாள், திரும்ப இறங்கினாள்.
இந்தமுறை ஒரு நாய் குறுக்கே வந்து
பெட்டியைப் பார்த்து உட்கார்ந்துகொண்டது.
நாய்க்கு எந்தப் பாஷையில் சொல்வது?

மூன்றாம் தடவை கொட்டியபோது
மீன் எது மணல் எது என்று தெரியவில்லை.
வாங்க நின்றவர்கள்
வேறு கடகங்களுக்குப் போயிருந்தார்கள்.

தடவைக்கு ஒன்றாக மூன்று ரூபாய் தந்தார் துரை.
எண்ணித்தான் தந்தார், இங்கிலீசில்.
ஒன்றை அவள் கையில் வைத்தேன்.
"துரை தந்தது" என்றேன்.
பொய்யில்லை,
துரை தந்ததில் அதுவும் ஒன்று.

கோப்பிக்கொட்டை இன்னும் அரைபட்டுக்கொண்டிருந்தது.
நான் கவனிக்கவில்லை.

இரண்டு வருஷம் கழித்து ஒரு மாசி இரவு
கோட்டைக்குள், பண்டகசாலைச் சுவரில்
நாலு வேட்டி சேர்த்துத் தைத்த திரை.
முன்னால் கதிரைகள்: ஏஜண்டுத் துரை, நீதவான், பாதிரிமார்,
காத்தான்குடி முதலாளிமார் இருவர்.
பின்னால் பாய், பாய் நிறையத் துறைச்சனம்.
நான் ஓரத்தில், எழுத்து வரும்போதெல்லாம்
உரத்துத் தமிழில் வாசிக்க.

ஆஸ்பத்திரி வந்தது.
கல்லடிப் பாலம் வந்தது, அதில்
ஒரு மாடு மட்டும் நடந்தது.
அதற்கே கைதட்டினார்கள்.

மறுகா மாரிப்பிள்ளை.
முதல் இரண்டு தடவையையும் யாரோ
லண்டனில் வெட்டி எறிந்துவிட்டார்கள்.
மேகமில்லை, நாயில்லை.
இறங்கினாள், நடந்தாள், கொட்டினாள்.
திரையின் ஓரத்திலிருந்து கறுத்தக் கோட்டுக் கையொன்று
உள்ளே நீண்டு, ஒரு காசை வைத்து, ஒளிந்தது.
அவள் உள்ளங்கையைப் பார்த்தாள்.
தலையை நிமிர்த்தினாள்.
பெட்டிக்குப் பக்கத்தில் அன்று நான் நின்ற இடத்தை நேரே பார்த்து
வாய் திறந்தாள்.

எழுத்து வந்தது. வாசித்தேன்:
"நன்றி கூறும் மீன்காரி."

முன்வரிசை தலையாட்டியது.
பின்னால் ஒரு சிரிப்பு கிளம்பி
பாய் பாயாகப் பரவியது.
காற்று எதிர்த்தால் தோணிக்குத் தோணி
உதட்டைப் பார்த்தே கதைக்கிற சனம்.
காதில்லாத பெட்டி
அவளுடைய உதட்டை ஒரு சொல் குறையாமல் வைத்திருந்தது.
எவனோ ஒரு பொடியன் எழும்பி
அவளுக்குக் குரல் கொடுத்தான்:

"மத்த ரெண்டும் எங்க, இன்னாசி?"

அவளும் அந்தப் பாயில் இருந்தாளா என்று
தேடிப்பார்க்க எனக்குத் தைரியமில்லை.
வேட்டித் திரையில் கையும் காசும் போய்
இப்போது கடல் வந்திருந்தது.

ஏஜண்டுத் துரை கதிரையில் திரும்பினார்.
என்ன சொல்கிறார்கள் என்று கேட்டார்.
அதற்குத்தானே எனக்குச் சம்பளம்.

"படம் பிடித்திருக்கிறதாம்" என்றேன், இங்கிலீசில்.

தமிழில் அது உண்மை.